மஞ்சள் அலாரத்தை யார் பார்ப்பது?

"ஒன்றும் நடக்கவில்லையே, அப்புறம் எதற்கு இவ்வளவு பெரிய அறிக்கை?" கூட்டத்தில் வாடிக்கையாளர் தரப்பிலிருந்து ஒருவர் இப்படிக் கேட்டார். கோபத்தில் இல்லை, மெய்யாகவே புரியாமல்தான் கேட்டார். அவர் பக்கம் நியாயமும் இருந்தது. எந்தத் தாக்குதலும் நடக்கவில்லை, எந்தத் தரவும் வெளியே போகவில்லை, ஒரு கணினிகூட நிற்கவில்லை. பாதுகாப்பு சர்வரின் கடிகாரம் ஏழு நிமிடம் பின்தங்கிப் போயிருந்தது, அதனால் சில நாட்கள் சில அலாரங்கள் வராமல் இருந்தன, அவ்வளவுதான் என்று ஒரே மூச்சில் சொல்லி முடித்துவிடலாம். நான் சொன்ன விளக்கத்துக்கு அவர் தலையாட்டினார், பிறகு 'பாதிப்பு' என்ற கட்டத்தில் 'இல்லை' என்று போட்டுவிடச் சொன்னார். அந்தக் கட்டம்தான் இன்னும் என் மனசை அரித்துக்கொண்டிருக்கிறது.

நான் சிங்கப்பூரில் ஒரு கண்காணிப்பு மையத்தில் வேலை பார்க்கிறேன். பல நிறுவனங்களின் ஃபயர்வால் (எதை உள்ளே விடலாம், எதை விடக்கூடாது என்று பார்க்கும் தடுப்பு), விபிஎன் (வெளியிலிருந்து நிறுவனத்துக்குள் வருவதற்கான பாதுகாப்பான வழி), உள் சர்வர்கள் எல்லாவற்றின் லாக்குகளும், அதாவது நடப்பதைக் குறித்துவைக்கும் பதிவுகளும், அந்தந்த நிறுவனத்துக்கான பாதுகாப்பு சர்வருக்கு வந்து சேரும், அதன் திரையை இருபத்துநாலு மணி நேரமும் யாராவது பார்த்துக்கொண்டிருப்போம். திரையில் வருவது இரண்டு வகை. வெளியே நடப்பதைப் பற்றி சர்வர் சொல்வது ஒன்று: யாரோ கடவுச்சொல்லை மாற்றி மாற்றிப் போட்டுப் பார்க்கிறார்கள், உள்ளே இருக்கும் ஒரு கணினி போகக்கூடாத முகவரிக்குப் போகிறது. சர்வர் தன்னைப் பற்றியே சொல்வது இன்னொன்று: டிஸ்க் நிரம்புகிறது, மெமரி போதவில்லை, கண்காணிக்க வைத்த ஒரு சென்சாரிடமிருந்து பேச்சையே காணோம், கணினி தன் அடையாளத்தைக் காட்டும் சான்றிதழ் காலாவதியாகப் போகிறது, நேரம் ஒத்துப்போகவில்லை. முதல் வகைக்குத்தான் எல்லா மரியாதையும். புதிதாக வேலைக்கு வருகிறவர்கள் அதற்காகத்தான் வருகிறார்கள், பயிற்சி முழுக்க அதைப் பற்றித்தான், பதவி உயர்வும் அதை வைத்துத்தான். இரண்டாவது வகை தனித் தாவலில் கிடக்கும். ஷிப்ட் மாறும்போது "மற்றபடி சிஸ்டம் அலாரம் மட்டும்தான்" என்று ஒரு வரியில் கைமாறும்.

எனக்கு இது தலைகீழாகப் படுகிறது. ஒரு தாக்குதல் அலாரத்தைத் தவறவிட்டால் அந்த ஒரு தாக்குதல் தவறும். அது பெரிய விஷயம்தான், மறுக்கவில்லை. ஆனால் சிஸ்டம் அலாரத்தைத் தவறவிட்டால் அதற்குப் பிறகு வரவேண்டிய எதுவும் வராமல் போகலாம், வராமல் போனது என்பதும் யாருக்கும் தெரியாது. அலாரம் இல்லாத திரையும் அமைதியான நெட்வொர்க்கும் பார்க்க ஒரே மாதிரிதான் இருக்கும். அந்த வாரம் எங்களுக்கு நடந்தது அதுதான். அலாரங்களின் எண்ணிக்கை குறைந்திருந்தது. வாராந்திர அறிக்கையைப் பார்த்த மேலாளர் "பரவாயில்லையே, இரைச்சல் குறைந்திருக்கிறதே" என்று பாராட்டி ஒரு மின்னஞ்சலும் அனுப்பியிருந்தார்.

அந்த இரவு நடந்தது

அது ஒரு சரக்குப் போக்குவரத்து நிறுவனத்தின் பாதுகாப்பு சர்வர். விர்ச்சுவல் மெஷினாக, அதாவது ஒரு பெரிய கணினிக்குள் மென்பொருளாலான இன்னொரு கணினியாக ஓடுவது. திரையில் ஒரு சிவப்பு அலாரம் வந்து வந்து போய்க்கொண்டிருந்தது: டைரக்டரி சர்வருடன் இணைக்க முடியவில்லை. அதாவது, பயனர்களின் பெயர், குழு போன்றவற்றை எடுத்துவர பாதுகாப்பு சர்வர் போய்க் கதவைத் தட்டுகிறது, உள்ளே விடவில்லை. இரவு ஷிப்டில் இருந்தவர்கள் எழுதிவைத்த முறைப்படியே செய்தார்கள். சர்வீஸை ஒருமுறை நிறுத்தி மறுபடி ஓடவிட்டார்கள், சிவப்பு போனது. கொஞ்ச நேரத்தில் திரும்ப வந்தது. வாடிக்கையாளரின் விண்டோஸ் அணிக்கு டிக்கெட் போட்டார்கள், அங்கிருந்து "எங்கள் பக்கம் எல்லாம் சரி" என்று பதில் வந்தது. உண்மையில் அவர்கள் பக்கம் எல்லாம் சரியாகத்தான் இருந்தது. இப்படி இரண்டு அணிகளுக்கும் நடுவே பந்து போய்வந்துகொண்டிருந்தபோது, சேர்ந்து சில மாதங்களே ஆன ஒரு பொண்ணு, இங்கேயே பொலிடெக்னிக் முடித்துவிட்டு வந்தவர், ஒரு சின்ன வேலை செய்தார்.

அலாரப் பட்டியல் வழக்கமாகத் தீவிரத்தின்படி அடுக்கப்பட்டிருக்கும், சிவப்பு மேலே, ஆரஞ்சு அடுத்து, மஞ்சள் அதற்குக் கீழே. மஞ்சள் வரை யாரும் உருட்டிப் பார்ப்பதில்லை. அவர் 'முதலில் வந்த நேரம்' என்ற நெடுவரிசையின் தலையில் ஒரு கிளிக் செய்தார். பட்டியல் புரண்டு விழுந்தது. எல்லாவற்றுக்கும் மேலே, சிவப்புக்குப் பல நாட்கள் முன்னால் வந்த மஞ்சள் ஒன்று உட்கார்ந்திருந்தது: 'நேர ஒத்திசைவு இல்லை.' அதன் பக்கத்தில் யாரோ பார்த்ததற்கு அடையாளமாக 'அக்னாலெட்ஜ்' டிக். அதற்கு மேல் ஒரு குறிப்பும் இல்லை. அவர் கருப்புத் திரையைத் திறந்து, தேதி நேரம் காட்டும் கமாண்டைத் தட்டினார். சர்வர் 2:34 என்றது. மேசைமேல் கிடந்த கைப்பேசியைத் திருப்பினார், 2:41. "அண்ணே, இதோட மணிய கொஞ்சம் பாருங்க" என்று என்னைக் கூப்பிட்டார்.

அதற்குப் பிறகு எல்லாம் மளமளவென்று கோத்துக்கொண்டது. வாடிக்கையாளர் தரப்பில் ஃபயர்வாலின் பழைய விதிகளைத் துடைத்திருக்கிறார்கள். அப்போது, பழைய நேர சர்வருக்கானது என்று நினைத்து, 123ஆம் யுடிபி போர்ட் என்ற வாசலைத் திறந்துவைத்த விதியும் சேர்ந்து போய்விட்டது. நேரத்தைச் சரிபார்க்கும் என்டிபி அந்த வழியாகத்தான் போகும். வழி அடைபட்டதும் சர்வர் நேர்மையாக மஞ்சள் அலாரத்தைப் போட்டது. அன்றைக்கு அதன் கடிகாரம் சரியாகத்தான் இருந்தது, அதனால் யாருக்கும் ஒன்றும் உறைக்கவில்லை. பிறகு ஒரு வாரயிறுதியில் ஸ்டோரேஜ் பராமரிப்பு நடந்தது, அந்த விர்ச்சுவல் மெஷினைச் சில நிமிடங்கள் உறையவைத்து மறுபடி எழுப்பினார்கள். எழுந்த சர்வருக்குத் தான் தூங்கியதே தெரியாது. விட்ட இடத்திலிருந்து மணியை எண்ணத் தொடங்கியது. வழக்கமாக இந்த இடத்தில் என்டிபி ஓடிவந்து சரிசெய்திருக்கும். வழிதான் இல்லையே. கெர்பரோஸ் என்ற அடையாளச் சோதனை முறையில், மைக்ரோசாஃப்ட் டைரக்டரியின் இயல்பான அமைப்பில், இரண்டு கணினிகளின் நேரம் ஐந்து நிமிடத்துக்கு மேல் விலகினால் உள்ளே விடமாட்டார்கள். ஒருவர் அனுமதிச் சீட்டை இன்னொருவர் பிடித்துவைத்துப் பிறகு பயன்படுத்தக்கூடாது என்பதற்காக வைத்த விதி அது. இங்கே விலகல் ஏழு நிமிடம். சிவப்பு அலாரம் வந்தது அதனால்தான்.

சிவப்பாவது கண்ணில் பட்டது. கண்ணில் படாதது வேறு இடத்தில் இருந்தது. எங்களிடம் ஒரு விதி உண்டு: ஒரு பயனர் விபிஎன் வழியாக உள்ளே வந்து, அடுத்த இரண்டு நிமிடங்களுக்குள் அதே முகவரியிலிருந்து பல சர்வர்களில் தவறான கடவுச்சொல் விழுந்தால் உடனே அலாரம். திருடிய கணக்கோடு உள்ளே நுழைந்தவர் செய்கிற முதல் காரியம் அதுதான் என்பதால் எங்களுக்கு முக்கியமான விதி. விபிஎன் கருவி தன் லாக்கில் தன் கடிகார நேரத்தைப் போட்டு அனுப்புகிறது. அது சரியான நேரம். சில பழைய சர்வர்கள் அனுப்பும் லாக்குகளோ, சிஸ்லாக் என்ற லாக் அனுப்பும் பொது முறையின் பழைய வடிவத்தில் வருபவை. அந்த வடிவத்தின் நேரத்தில் வருடமும் கிடையாது, நேர மண்டலமும் கிடையாது. அதனால் அவற்றுக்கு வந்துசேர்ந்த நேரத்தை எங்கள் சர்வரே போட்டுக்கொள்ளும்படி வைத்திருந்தோம். அடுத்தடுத்து நடந்த இரண்டு காரியங்களில் ஒன்று 2:41 என்றும் மற்றது 2:34 என்றும் பதிவானால் இரண்டு நிமிடக் கணக்குக்குள் அவை எப்படி வரும்? பின்னால் நடந்தது முன்னால் நடந்ததாகப் பதிவாகிறது. விதி பிழை எதுவும் காட்டவில்லை, நிற்கவும் இல்லை. பொருத்தம் கிடைக்காததால் சும்மா இருந்தது. இரைச்சல் குறைந்தது என்று பாராட்டு வந்தது இந்தச் சும்மா இருந்ததற்குத்தான்.

எது முதலில் வந்தது

என் மாமனார் ஜூரோங்கில் ஒரு சுத்திகரிப்பு ஆலையின் கட்டுப்பாட்டு அறையில் நெடுங்காலம் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். இந்தக் கதையை அவருடைய புளோக்குக்குக் கீழே உள்ள கோப்பிக் கடையில் சொன்னேன். பொதுவாக என் வேலையைப் பற்றிப் பேசினால் "கம்ப்யூட்டர் சமாச்சாரம்" என்று கேட்டுக்கொண்டு மட்டும் இருப்பார். அன்றைக்கு நான் அந்தப் பொண்ணு பட்டியலை நேரப்படி திருப்பியதைச் சொன்னதும் தே ஓ கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, "மாப்ள, அது எங்க ஃபர்ஸ்ட் அவுட்" என்றார். அவர்கள் காலத்துப் பலகையில் வரிசையாகச் சின்னச் சின்ன விளக்குக் கட்டங்கள் இருக்குமாம். ஒரு பம்ப் நின்றால் அழுத்தம் குறையும், மட்டம் ஏறும், சூடு கூடும், ஒவ்வொன்றுக்கும் ஒரு விளக்கு எரியும், சில நொடிகளில் பலகையே எரியும். அதில் முதலில் எரிந்த விளக்கு மட்டும் மற்றவற்றிலிருந்து வேறு மாதிரி மின்னும்படி செய்திருப்பார்கள். எல்லாம் எரிந்த பிறகு வந்து பார்க்கிறவனுக்கும் எங்கே ஆரம்பித்தது என்று தெரியவேண்டும் என்பதற்காக. "பெரிசா கத்துறது எதுன்னு பார்க்கக் கூடாது, முதல்ல கத்துனது எதுன்னு பார்க்கணும்னு எங்க சூப்பர்வைசர் சொல்லிக்கிட்டே இருப்பாரு" என்றார்.

எண்ணெய் ஆலைக்காரர்கள் இதை அடிபட்டுத்தான் கற்றுக்கொண்டார்கள். 1994 ஜூலை 24 அன்று வேல்ஸில் மில்ஃபோர்ட் ஹேவன் என்ற இடத்தில் ஒரு சுத்திகரிப்பு ஆலை வெடித்தது, 26 பேர் காயமடைந்தார்கள். காலையில் இடிமின்னலால் ஆலையில் ஏற்பட்ட குழப்பம் மதியம்வரை நீண்டது. வெடிப்புக்கு முந்தைய கடைசி பதினொரு நிமிடங்களில் அங்கிருந்த இரண்டு பேருக்கு 275 அலாரங்கள் வந்தன. ஒவ்வொன்றையும் படித்து, புரிந்து, ஏதாவது செய்வதற்கு மனிதனால் ஆகாது. இன்னும் முக்கியமானது ஒன்று அந்த விசாரணையில் தெரிந்தது: உண்மையில் மூடியிருந்த ஒரு வால்வைத் திரை திறந்திருப்பதாகக் காட்டிக்கொண்டிருந்தது. அதற்குப் பிறகு இந்தத் துறைக்கு என்று அலார வடிவமைப்பு வழிகாட்டிகள் வந்தன. ஒரு ஆளுக்கு சராசரியாகப் பத்து நிமிடத்துக்கு ஒரு அலாரத்துக்கு மேல் வராமல் இருப்பதே நல்லது என்ற கணக்கு அங்கே இருந்து வந்ததுதான். அந்த அளவுகோலை எங்கள் திரைக்குப் பக்கத்தில் கொண்டுவந்து வைத்துப் பார்த்தால் வருத்தமாக இருக்கிறது. ஒரு பரபரப்பான ஷிப்டில் பத்து நிமிடத்துக்கு எத்தனையோ வரும், அத்தனையையும் ஒரே பட்டியலில் போட்டுவிட்டு 'கவனமாகப் பாருங்கள்' என்று சொல்வது ஒரு முறையே இல்லை.

தீவிரத்தைப் பற்றியும் சொல்லவேண்டும். சிஸ்லாக்கில் தீவிரம் 0 முதல் 7 வரை, 0 என்றால் அவசரநிலை, 4 எச்சரிக்கை, 7 என்றால் பிழைதேடுகிறவர்களுக்கான சில்லறை விவரம். ஒரு செய்திக்கு எந்த எண் என்று முடிவு செய்வது அந்தக் கருவியைத் தயாரித்தவர். அவருக்கு நம் நெட்வொர்க் தெரியாது. 'நேர ஒத்திசைவு இல்லை' என்பது ஒரு சாதாரண பிரிண்ட் சர்வருக்கு எச்சரிக்கைதான், சரி. பல இடத்து லாக்குகளை நேரத்தை வைத்துத் தைக்கிற பாதுகாப்பு சர்வருக்கு அது எப்படி வெறும் எச்சரிக்கையாகும்? தொழிற்சாலையிலிருந்து வந்த நிறத்தை அப்படியே வைத்துக்கொண்டு, மஞ்சளாக இருந்ததால் பார்க்கவில்லை என்று ஒருவர் சொன்னால் அவரைக் குறை சொல்லமாட்டேன், அந்த நிறத்தை மாற்றாமல் விட்ட அமைப்பைத்தான் சொல்வேன்.

தானாகவே போன அலாரம்

மஞ்சளைவிட மோசமான ஒன்று உண்டு, அது தானாக மறைகிற அலாரம். டிஸ்க் அலாரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு ஃபயர்வாலில் ஏதோ சிக்கலைப் பார்க்க யாரோ 7ஆம் நிலை லாக்கைத் திறந்துவிடுகிறார்கள், வேலை முடிந்ததும் மூட மறந்துவிடுகிறார்கள். லாக் வெள்ளமாக வருகிறது, டிஸ்க் 90 சதவீதம் தாண்டுகிறது, அலாரம் வருகிறது. மறுநாள் காலையில் பார்த்தால் அலாரம் இல்லை, 'தானாகத் தீர்ந்தது' என்று பச்சையில் ஒரு குறிப்பு. எல்லாருக்கும் நிம்மதி, டிக்கெட் க்ளோஸ். எப்படித் தீர்ந்தது? இடம் போதாவிட்டால் பழைய லாக்குகளை அழித்து இடம் பண்ணிக்கொள்ளும்படி பல சர்வர்களில் அமைத்திருப்பார்கள். மூன்று மாத லாக் இருக்கவேண்டிய இடத்தில் இரண்டு வார லாக் மிஞ்சியிருக்கும். அலாரம் போய்விட்டது என்பதே அங்கே கெட்ட செய்தி. டிஸ்க் அலாரம் போனதும் நான் முதலில் பார்ப்பது சதவீதத்தை இல்லை, மிகப் பழைய லாக் எந்தத் தேதியில் இருக்கிறது என்பதை. அந்த ஒரு தேதியைப் பார்க்கும் பழக்கம் ஒவ்வொரு ஷிப்டிலும் இருக்கவேண்டும் என்று கெஞ்சிக் கேட்டுக்கொள்வேன்.

பழைய லாக் போனால் என்ன என்று கேட்பவர்களுக்கு நம் ஊரிலேயே பதில் இருக்கிறது. 2018இல் சிங்ஹெல்த் என்ற பொது மருத்துவமனைக் குழுமத்தில் நடந்த தரவுத் திருட்டு எல்லாருக்கும் நினைவிருக்கும், 15 லட்சம் நோயாளிகளின் விவரம் போனது, அப்போதைய பிரதமர் லீ சியன் லூங்கின் விவரமும் அதில் அடக்கம். தரவு வெளியேறியது ஜூன் 27க்கும் ஜூலை 4க்கும் இடையில். ஆனால் தாக்கியவர்கள் உள்ளே கால் வைத்தது 2017 ஆகஸ்ட் வாக்கில் என்று விசாரணையில் தெரிந்தது. கிட்டத்தட்ட பத்து மாதம். இரண்டு வார லாக்கை வைத்துக்கொண்டு அந்தக் கதையின் தொடக்கத்தை யாரும் எழுதியிருக்க முடியாது. ரிச்சர்ட் மேக்னஸ் தலைமையிலான விசாரணைக் குழுவின் அறிக்கை 2019 ஜனவரி 10 அன்று வெளியானது. இந்த வேலையில் இருக்கும் ஒவ்வொருவரும் அதை ஒருமுறையாவது முழுதாகப் படிக்கவேண்டும் என்பது என் எண்ணம். அறிகுறிகள் இல்லாமல் இல்லை. தரவுத்தளத்துக்குள் நுழையத் தவறான முயற்சிகள் நடப்பதை ஜூன் மாதமே சிலர் கவனித்திருந்தார்கள். ஜூலை 4 அன்று ஒரு தரவுத்தள நிர்வாகி வழக்கத்துக்கு மாறான வினவல்களைப் பார்த்து அவற்றை நிறுத்தவும் செய்தார். பார்த்தவர்கள் இருந்தார்கள். பார்த்ததை என்னவென்று புரிந்து, உரியவரிடம் உரிய நேரத்தில் சொல்லும் ஏற்பாடுதான் இல்லை. சில முக்கியப் பொறுப்பில் இருந்தவர்கள் தக்க நேரத்தில் நடவடிக்கை எடுக்கவில்லை என்று குழு வெளிப்படையாகவே சொன்னது. அந்தப் பக்கங்களைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு அந்த 'அக்னாலெட்ஜ்' டிக்தான் கண்முன் வருகிறது. பார்த்தேன் என்று சொல்ல ஒரு பொத்தான் இருக்கிறது, புரிந்துகொண்டேன் என்று சொல்ல ஒரு பொத்தானும் இல்லை.

மக்களின் கடன் விவரங்களைச் சேர்த்துவைக்கும் ஈக்விஃபேக்ஸ் நிறுவனத்தின் விவகாரமும் இதோடு சேர்ந்ததுதான். அமெரிக்காவில் 2017இல் சுமார் 14.7 கோடிப் பேரின் விவரம் போன திருட்டு. மே மாதமே உள்ளே வந்துவிட்டார்கள். மறையாக்கம் செய்த போக்குவரத்தைப் பிரித்துப் பார்க்க அங்கே ஒரு கருவி இருந்தது, ஆனால் அதன் சான்றிதழ் பல மாதங்களுக்கு முன்பே காலாவதியாகியிருந்தது. காலாவதியானதும் கருவி போக்குவரத்தை நிறுத்தவில்லை, பார்க்காமல் அப்படியே கடத்திவிட்டது. ஜூலை 29 அன்று சான்றிதழைப் புதுப்பித்தார்கள், உடனே சந்தேகத்துக்குரிய போக்குவரத்து கண்ணில் பட்டுவிட்டது. சான்றிதழ் காலாவதி என்பது நம் திரையில் எந்த நிறத்தில் வரும்? பெரும்பாலும் மஞ்சள்தான்.

'பாதிப்பு' என்ற கட்டம்

மறுபடி அந்த அறிக்கைக்கு வருகிறேன். கடிகாரத்தைச் சரிசெய்வது ஐந்து நிமிட வேலை, துடைத்துப்போன ஃபயர்வால் விதியைத் திரும்பப் போட்டால் போதும். ஆனால் சரிசெய்வதற்கு முன் நாங்கள் ஒன்று செய்தோம், அதுவும் அந்தப் பொண்ணு சொன்னதுதான்: எவ்வளவு நேரம் விலகியிருந்தது என்பதை நொடி சுத்தமாகக் குறித்து, திரையைப் படம் பிடித்து வைத்துக்கொண்டோம். சரிசெய்துவிட்டால் விலகல் எவ்வளவு என்பது போய்விடும், பிறகு அந்த நாட்களின் லாக்கை யாராலும் சரியாகப் படிக்க முடியாது. அந்தக் குறிப்பை வைத்துத்தான், எங்கள் சர்வர் நேரம் போட்ட லாக்குகளுக்கெல்லாம் அந்த விலகலைக் கூட்டி, வேலை செய்யாமல் கிடந்த விதிகளைப் பழைய லாக்குகள்மேல் திரும்ப ஓட்டிப் பார்த்தோம். சில பொருத்தங்கள் வந்தன, ஒவ்வொன்றையும் தோண்டினோம், விடுமுறை முடிந்து வந்து கடவுச்சொல்லை மறந்தவர்கள்தான். யாரும் உள்ளே வரவில்லை.

இதற்குப் பிறகு 'இல்லை' என்று எழுதலாமா? முடிவு என்னவோ ஒன்றுதான், ஆனால் தேடிப் பார்த்துவிட்டு இல்லை என்பதும் பார்க்காமலே இல்லை என்பதும் ஒன்றாகுமா? இதை வாடிக்கையாளருக்குப் புரியவைக்க எனக்குக் கடைசியில் கைகொடுத்தது நேரக் கணக்கு. இங்கே வங்கிகள் ஒரு பெரிய சம்பவத்தைக் கண்டுபிடித்த ஒரு மணி நேரத்துக்குள் சிங்கப்பூர் நாணய ஆணையத்திடம் சொல்லவேண்டும். முக்கியத் தகவல் உள்கட்டமைப்பு, அதாவது அத்தியாவசியச் சேவைகளை நடத்தும் கணினி அமைப்புகள், வைத்திருப்பவர்களுக்கு இரண்டு மணி நேரம். தனிநபர் தரவு கசிந்தால், அது அறிவிக்கவேண்டிய கசிவு என்று முடிவான பிறகு மூன்று நாட்கள். அவருடைய நிறுவனத்துக்கு முதல் இரண்டும் பொருந்தாது, ஆனால் மூன்றாவது பொருந்தும். "நாளைக்கு அப்படி ஒன்று நடந்து, எத்தனை மணிக்கு உள்ளே வந்தார்கள், எத்தனை மணிக்கு உங்களுக்குத் தெரிந்தது என்று கேட்டால், ஏழு நிமிடம் பொய் சொல்கிற கடிகாரத்தை வைத்து என்ன பதில் எழுதுவீர்கள்?" என்று கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு அந்தக் கட்டத்தில் என்ன எழுதலாம் என்று அவரே கேட்டார். அந்தப் பொண்ணு ஏற்கெனவே எழுதிவைத்திருந்ததைக் காட்டினேன்: இந்தத் தேதியிலிருந்து இந்தத் தேதி வரை இந்த விதிகள் வேலை செய்யவில்லை, அந்த இடைவெளியின் லாக்குகளைத் திரும்பச் சோதித்தோம், ஊடுருவல் எதுவும் காணப்படவில்லை. அப்படியே போட்டுக்கொண்டார்.

எங்கள் பக்கம் சில மாற்றங்கள். நேரம், டிஸ்க், சான்றிதழ், பேச்சு நின்றுபோன சென்சார் இவை நான்கும் பாதுகாப்பு சர்வரில் இனி சிவப்பு. இரவில் எழுப்புகிற அழைப்புகள் கூடும் என்று மேலாளருக்குக் கவலை இருக்கிறது, நியாயமான கவலைதான், அதற்காக எதற்கும் உதவாத ஒரு கூட்டம் அலாரங்களை எடுத்துவிட்டோம். ஹேண்டோவர் படிவத்தில் 'சிஸ்டம் அலாரம்' என்ற ஒற்றை வரி போய்விட்டது, அதற்குப் பதிலாக ஒரு கேள்வி வந்திருக்கிறது: இந்த அலாரம் இருக்கும்வரை நமக்கு எது தெரியாது? பதில் எழுதாமல் அடுத்த ஷிப்டுக்குக் கைமாற்ற முடியாது. முதலில் எல்லாரும் முணுமுணுத்தார்கள், இப்போது இரண்டு வரி எழுதுகிறார்கள், சிலர் நன்றாகவே எழுதுகிறார்கள்.

இன்னொன்று சோதனைச் சம்பவம். சர்வீஸ் ஓடுகிறது என்று பச்சை விளக்கு காட்டும், லாக் வருகிறது, விதி பொருந்துகிறது, அலாரம் எழுகிறது என்றெல்லாம் அது காட்டாது. மூடிய வால்வைத் திறந்ததாகக் காட்டிய அந்தத் திரை மாதிரிதான். அதனால் ஒவ்வொரு மணி நேரமும் ஒரு சோதனைக் கணக்கிலிருந்து வேண்டுமென்றே விபிஎன்னில் நுழைந்து தவறான கடவுச்சொற்களைப் போட வைத்திருக்கிறோம். அதற்கான அலாரம் வந்தால் முழு வழியும் உயிரோடு இருக்கிறது, வராவிட்டால் எங்கோ அறுந்திருக்கிறது. வரவில்லை என்பதை அந்தச் சர்வரே சொல்ல முடியாது என்பதால் வேறொரு சிறிய சர்வரைக் காவலுக்கு வைத்தோம். சோதனை அலாரம் வராவிட்டால் அது நேராகக் கைப்பேசிக்குக் குறுஞ்செய்தி அனுப்பும். எல்லாம் முடிந்து சரிபார்த்துக்கொண்டிருந்தபோது, இந்த இரண்டாவது சர்வர் எங்கிருந்து நேரத்தை எடுக்கிறது என்று அந்தப் பொண்ணு கேட்டார். தேடிப் பார்த்தால் அதே ஃபயர்வால், அதே விதி. அன்றைக்கே வேறு வழியில் மாற்றிவிட்டோம்.